நனைந்த பாட்டு நோட்டுகளை மீட்டுத் தந்தவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம்.

நாகூர் தர்காவில் தலைமுறை தலைமுறையாகத் தாயிரா என்னும் தோற்கருவியைத் தட்டிப் பாடிவரும் பக்கீர் குடும்பத்தார் நாங்கள். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் கரையைக் கடந்தபோது எங்கள் வீட்டுக் கூரை பிய்த்தெறியப்பட்டு, பாட்டனார் கைப்பட எழுதிவைத்திருந்த பாட்டு நோட்டுகள் முழுவதும் நனைந்துபோயின. அவற்றை மீண்டும் பாடும் நிலைக்குக் கொண்டுவரும் பணி இப்போதுதான் முடிந்திருக்கிறது. ஆகவே இந்த நன்றியும் தாமதமாகவே வருகிறது.

நாகூர்ப் பாட்டு என்றவுடன் இ.எம். ஹனிபாவின் கம்பீரக் குரலே பலருக்கும் நினைவுக்கு வரும். அதில் எங்களுக்கும் பெருமைதான். எனினும் பக்கீர்மார் பாட்டு மேடைக்கும் இசைத்தட்டுக்கும் உரியதாக வளர்ந்ததன்று. வீதியிலும் தர்கா முற்றத்திலும் கேட்பவர் முகம் பார்த்து நீட்டியும் குறுக்கியும் பாடப்படுவது. குணங்குடி மஸ்தான் சாகிபின் (1792–1838) பராபரக் கண்ணியும் மனோன்மணிக் கண்ணியும் அச்சில் இருப்பதால் அவற்றைக் குறித்து நாங்கள் கவலைப்படவில்லை. இயற்றியவர் பெயர்கூடத் தெரியாத முனாஜாத்துகள் (இறைவேண்டல் பாடல்கள்) சில, எங்களுக்குத் தெரிந்தவரை, அந்த நோட்டுகளில் மட்டுமே இருந்தன. அவையும் தமிழை அரபு எழுத்தில் எழுதும் அரபுத் தமிழில் இருந்தன.

முதலில், தம் வீட்டுக் கூரையும் சேதமாகியிருந்த நிலையில், ஒட்டிக்கொண்ட தாள்களை ஒவ்வொன்றாகப் பிரித்துப் பழைய செய்தித்தாள்களுக்கு இடையே வைத்து உலர்த்தித் தந்த எங்கள் தெருப் பெண்களுக்கு நன்றி. அந்த எழுத்தைச் சரளமாக வாசிக்க எங்கள் தலைமுறையில் ஆளில்லாததால், கண்புரை அறுவை முடிந்த கையோடு வந்து அமர்ந்து, பூதக்கண்ணாடியால் பார்த்து வாசித்துச் சொன்ன மூத்த ஆலிம் (மார்க்க அறிஞர்) அவர்களுக்கும், அவர் வாசிக்க வாசிக்கத் தமிழ் எழுத்தில் எழுதிய பள்ளித் தமிழாசிரியை அவர்களுக்கும் நாங்கள் பட்ட கடன் பெரிது. அரபுத் தமிழில் ணகரத்தைக் காட்டுவது ஒரு கூடுதல் புள்ளி. மை கரைந்து அந்தப் புள்ளி அழிந்த இடங்களில் 'மனம்' என்பதா 'மணம்' என்பதா என்று ஆலிம் தயங்கும்போது, ஆசிரியை அடுத்த அடியின் எதுகையைப் பார்த்து முடிவு செய்வார். எதுகையும் கைகொடுக்காத இடத்தை ஊகித்து நிரப்பாமல் வெற்றிடமாகவே விட்டுவைத்தார். அந்த நேர்மையை நாங்கள் மிகவும் மதிக்கிறோம்.

தாயிராவுக்குப் புதிய ஆட்டுத்தோல் கட்டித்தந்து கூலி வாங்க மறுத்த பெரியவருக்கும் நன்றி. கடற்காற்றின் ஈரத்தில் தோல் தளர்ந்து ஒலி மந்தமாகிவிடும் என்பதால் பாடுவதற்கு முன் அதைத் தணலில் காட்டுவோம். அவர் கட்டிய தோல் மழைக்காலத்திலும் சீக்கிரம் தளர்வதில்லை.

சொற்கள் திரும்பி வந்தாலும் மெட்டு நோட்டில் இல்லை. வாப்பா மவுத்தான பிறகு, நாங்கள் சிறுவயதில் அரைகுறையாகக் கேட்டதைத் தவிர வேறு வழியில்லை என்றே எண்ணியிருந்தோம். வாப்பாவின் தங்கையான எங்கள் மாமி, வெளியே ஒருநாளும் பாடியறியாதவர், அடுப்படியில் இருந்தபடியே "அப்படியில்லை, அந்த இடத்தில் இழுக்கக் கூடாது" என்று திருத்தத் தொடங்கி, பல முனாஜாத்துகளின் மெட்டை முழுதாகப் பாடிக் காட்டினார். அவருடைய குரலைப் பதிவு செய்துகொள்ள இசைந்ததற்காக அவருக்கும், பொறுமையோடு பதிவு செய்து தந்த கல்லூரி மாணவர்களுக்கும் நன்றி. ஆர்மோனியமும் கீபோர்டும் சேர்த்தால் இளைஞர்கள் விரும்புவார்கள் என்று அன்போடு சொன்னவர்களும் உண்டு. தாயிராவின் தாளத்துக்கென்றே அமைந்த மெட்டுகள் இவை என்பதால் அதை ஏற்க இயலவில்லை, பொறுத்தருள வேண்டும்.

இவ்வாண்டு தர்காவின் கந்தூரி விழாவில், சந்தனம் பூசும் இரவன்று, தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப் சிங் கட்டுவித்த 131 அடிப் பெரிய மினாராவின் அருகே அமர்ந்து, மீட்ட முனாஜாத்துகளை எங்கள் பிள்ளைகளோடு சேர்ந்து பாடவிருக்கிறோம். உதவிய அனைவரும் வர வேண்டுகிறோம். எழுதிய படியின் நகல் எங்கள் வீட்டில் இருக்கிறது. படிக்கவோ நகலெடுக்கவோ விரும்புவோர் எப்போதும் வரலாம். தங்கள் வீட்டிலும் இத்தகைய பழைய நோட்டுகள் இருந்தால் மழைக்கு முன்பே கொண்டுவாருங்கள்; ஆலிம் அவர்கள் வாசித்துத் தர இசைந்திருக்கிறார்.

நன்றியுடனும் துஆவுடனும்,
குடும்பத்தார், நாகூர்