விசிலோடு ஒரு கொடியும் காட்டுங்கள்

பள்ளிப் பிள்ளைகளுக்கு டென்னிஸ் பயிற்சி முகாம் நடத்தும் விளையாட்டு அதிகாரிகளுக்கும் பயிற்சியாளர்களுக்கும்,

வணக்கம்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை முகாமுக்குப் பிள்ளைகளைத் தேர்வு செய்தபோது நடந்தது உங்களில் சிலருக்குத் தெரியும். பந்தல் நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தவர்கள் அதற்குள் மறந்திருக்க மாட்டீர்கள். ஊர்ப் பெயரையோ ஆள் பெயரையோ நான் எழுதப் போவதில்லை, யாரையும் மாட்டிவிடும் எண்ணமும் இல்லை. நான் கேட்பது ஒன்றுதான். காது கேளாத பிள்ளையையும் ஆடவிட்டுப் பாருங்கள், பார்த்த பிறகு எடுப்பதா வேண்டாமா என்று முடிவு செய்யுங்கள்.

என் மகளுக்கு 11 வயது. முதுகில் 17 என்று எழுதிய தாளைக் குத்திவிட்டிருந்தார்கள். முதலில் ஓட்டம். விசில் ஊதியதும் கடைசிக் கோட்டிலிருந்து வலை வரை ஓடித் தொட்டுவிட்டுத் திரும்ப வேண்டும். அவளுக்கு விசில் கேட்காது. ஊதுகிறவர் கன்னம் உப்புவதைப் பார்த்துக் கிளம்புவாள், பள்ளியில் அப்படித்தான் பழக்கம். அன்று பயிற்சியாளர் வெயிலுக்கு முதுகைக் காட்டி நின்றார், அதாவது பிள்ளைகளுக்கும் முதுகைக் காட்டி. பக்கத்துப் பிள்ளையின் கால் நகர்ந்த பிறகுதான் இவள் நகர்ந்தாள். இரண்டாம் முறையும் அதே கதை. மூன்றாம் முறை ஊதுவதற்கு முன்பே பாய்ந்துவிட்டாள். எல்லோரும் சிரித்தார்கள். எதற்கென்று தெரியாமல் அவளும் சேர்ந்து சிரித்தாள்.

நான் ஓடிப்போய் அவளுக்குக் காது கேட்காது என்று பயிற்சியாளரிடம் சொன்னேன். "ஏம்மா, இதை முதல்லயே சொல்லக் கூடாதா? காது கேக்காத பிள்ளைக்கு டென்னிஸ் எதுக்கு? பந்து வர்ற சத்தம் தெரியணும், அம்பயர் சொல்றது கேக்கணும். கேரம் கீரம் ஆடச் சொல்லுங்க" என்றார். பெயர் மேல் ஒரு கோடு விழுந்தது. முந்தின நாள்தான் நரம்பு மாற்றி வாங்கிய மட்டை. அது உறையைவிட்டு வெளியே வரவே இல்லை. திரும்பி வரும்போது பேருந்தில் அந்த உறையின் ஜிப்பை இழுத்து மூடுவதும் திறப்பதுமாகவே வந்தாள்.

அன்று எனக்குப் பதில் பேச வாய் வரவில்லை. இப்போது சொல்கிறேன்.

ஷார்லட் கூப்பர். பயிற்சியாளர் படிப்பு முடித்த உங்களுக்குத் தெரியாத பெயராக இருக்காது, இருந்தும் நினைவூட்டுகிறேன். இங்கிலாந்தின் டென்னிஸ் வீராங்கனை, 1870இல் லண்டனுக்குப் பக்கத்து ஈலிங்கில் பிறந்தவர். விம்பிள்டன் ஒற்றையர் பட்டத்தை 5 முறை வென்றவர். முதல் பட்டம் 1895இல். பட்டம் வென்ற ஒரு நாள் ஆட்டம் முடிந்து சைக்கிளில் வீட்டுக்கு வந்திருக்கிறார். தோட்டத்தில் செடியைக் கத்தரித்துக்கொண்டிருந்த அண்ணன் எங்கே போயிருந்தாய் என்று கேட்க, "சாம்பியன் ஆகிவிட்டு வருகிறேன்" என்றாராம். அண்ணன் ஒன்றும் சொல்லாமல் அடுத்த கிளையைக் கத்தரிக்கப் போய்விட்டாராம். குடும்பத்தில் சொல்லிவந்த கதை இது. காது நன்றாகக் கேட்ட அண்ணன்தான்!

மறு ஆண்டும் பட்டம் அவருக்கே. அந்த 1896இல்தான் கூப்பருக்குக் காது கேட்காமல் போயிற்று. 26 வயது. உங்கள் கணக்குப்படி அவர் பெயர் மேல் அப்போதே கோடு விழுந்திருக்க வேண்டும். நடந்தது வேறு. 1898, 1901, 1908 என்று இன்னும் 3 முறை விம்பிள்டனை வென்றார். நடுவில், 1900 பாரிஸ் ஒலிம்பிக். பெண்கள் முதன்முதலாகக் கலந்துகொண்ட ஒலிம்பிக் அது. ஜூலை 11 அன்று பிரான்ஸின் எலென் பிரெவோவை 6-1, 6-4 என்று வென்றார். ஒலிம்பிக்கில் தனிநபர் பிரிவில் வென்ற முதல் பெண் அவர்தான். இன்றைக்குப் போலத் தங்கப் பதக்கம் தரும் வழக்கம்கூட அப்போது வந்திருக்கவில்லை. ரெஜினால்ட் டோஹர்ட்டியோடு சேர்ந்து கலப்பு இரட்டையரையும் வென்றார்.

1908இல் கடைசிப் பட்டத்தை வென்றபோது வயது 37, 2 பிள்ளைகளின் தாய். அந்த வயதில் விம்பிள்டன் மகளிர் ஒற்றையரை வேறு யாரும் இன்றுவரை வென்றதில்லை. 41 வயதிலும் இறுதி ஆட்டம் வரை வந்திருக்கிறார். கணுக்கால் வரை தொங்கும் பாவாடையில் இத்தனையும். மற்ற பெண்கள் பெரும்பாலும் கீழிருந்து தட்டிவிட்டுச் சர்வீஸ் போட்ட காலத்தில், தலைக்கு மேலே கையைத் தூக்கி அடித்தவர் அவர். வலைக்கு முன்னால் ஏறிவந்து, பந்து தரையில் படுமுன் அடிப்பதுதான் அவர் பாணி. வலையருகே நிற்பவருக்கு யோசிக்க எவ்வளவு நேரம் கிடைக்கும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அந்த இடத்தில் நின்று கண்ணை மட்டுமே நம்பி ஆடினார்.

சத்தம் முக்கியம்தான், அதை நான் மறுக்கவில்லை. மட்டையில் பந்து பட்ட ஓசையை வைத்து அடியின் வேகத்தையும் சுழற்சியையும் நல்ல ஆட்டக்காரர்கள் கணிக்கிறார்கள். கூப்பர் ஓசையோடு ஆடப் பழகி, பிறகு அதை இழந்தவர், அதனால் அவரை ஒப்பிடக் கூடாது என்றும் நீங்கள் சொல்லலாம். என் மகளுக்கோ இழக்க ஒன்றுமில்லை, முதல் நாளிலிருந்தே எதிராளியின் தோளையும் மணிக்கட்டையும் பார்த்துத்தான் ஆடுகிறாள். போதாதென்றால் தென்கொரியாவின் டென்னிஸ் வீரர் லீ டக்-ஹீயைப் பாருங்கள். 2 வயதிலேயே காது கேளாதவர் என்று தெரிந்துவிட்டது. 2019இல் அமெரிக்காவின் வின்ஸ்டன்-சேலத்தில் ஏடிபி என்னும் ஆண்கள் தொழில்முறை டென்னிஸ் போட்டியின் பிரதானச் சுற்று ஆட்டமொன்றை வென்றார். காது கேளாத ஒருவர் அதைச் செய்தது அதுவே முதல்முறை. அம்பயர் சொல்வது கேட்காதபோது கையைக் காட்டிப் புரியவைத்தார்கள். அவ்வளவுதான் வேலை.

உலகத்துக்கு இது புதிதும் அல்ல. கூப்பர் வென்ற அதே பாரிஸில் 1924இலேயே காது கேளாதவர்களுக்கான உலகப் போட்டிகள் தொடங்கிவிட்டன. இன்று டெஃப்லிம்பிக்ஸ் என்கிறோமே, அதுதான். காது மிஷினைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் அங்கே ஆட வேண்டும். 2022இல் பிரேசிலில் நடந்ததில் மதுரை ஜெர்லின் அனிகா பேட்மின்டனில் 3 தங்கம் வாங்கினார். டென்னிஸ் இரட்டையரில் சென்னை பிருத்வி சேகர் பதக்கம் வாங்கினார். அவர்கள் திரும்பி வந்தால் மாலையும் சால்வையும் தயார், பக்கத்தில் நின்று போட்டோ எடுக்க நமக்குள் தள்ளுமுள்ளு. பதக்கத்தோடு வந்தால் காது கேட்கிறதா என்று யாரும் கேட்பதில்லை. மட்டையோடு வந்தால்தான் கேட்கிறீர்கள்.

எங்கே போனாலும் இதே பாடுதான் ஐயா. அடையாள அட்டைக்கு ஒரு நாள், பேருந்துச் சலுகைக்கு ஒரு நாள், சான்றிதழில் விடுபட்ட ஓர் எழுத்துக்கு இன்னொரு நாள் என்று அலைகிறோம். கவுன்டரில் கண்ணாடிக்குப் பின்னால் குனிந்தபடி பெயரைக் கூப்பிடுகிறார்கள். காது கேளாதவர்களுக்கான வரிசையில் நின்றால்கூட வாயால்தான் கூப்பிடுகிறார்கள்! மிஷினுக்கு பேட்டரி வாங்கும் கணக்கைத் தொடங்கினால் இந்த மடல் முடியாது. மன்னிக்கவும், சொல்ல வந்ததை விட்டு எங்கோ போய்விட்டேன்.

2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் விளையாட்டுக்கென்றே ஒரு பிரிவு இருக்கிறது. அதைக் காட்டி மிரட்ட நான் வரவில்லை. தயவுகூர்ந்து கேட்கிறேன். விசில் ஊதும் அதே நொடியில் பிள்ளைகளின் கண்ணுக்கு முன்னால் ஒரு கொடியையும் இறக்குங்கள். சொல்லித்தருவதை ஒருமுறை அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள், உதட்டைப் பார்த்தே பாதி புரிந்துகொள்வாள். பிறகு பத்துப் பந்து போட்டுப் பாருங்கள். ஆட்டம் சரியில்லையென்றால் தாராளமாகக் கோடு போடுங்கள், நானே கூட்டிக்கொண்டு போய்விடுகிறேன். ஆடவிட்டுப் பார்த்த பிறகு போடுங்கள்.

அடுத்த முகாமுக்கும் வருவோம். கொடிக்குச் செலவு வேண்டாம், என் பழைய சிவப்புப் புடவையில் ஒரு துண்டு கிழித்துக் குச்சியில் கட்டி வைத்திருக்கிறேன். அதைப் பிடிக்க ஓர் ஆளை மட்டும் நிறுத்துங்கள்.

இப்படிக்கு,
17ஆம் எண் பிள்ளையின் அம்மா