மிச்சிகன் தமிழ் வாக்காளர்களுக்கு: நவம்பர் வாக்குச்சீட்டில் அந்த ஒரு கேள்வியை விட்டுவிடாதீர்கள்

மிச்சிகனில் குடியுரிமை பெற்று வாக்களிக்கும் தமிழர்கள் அனைவருக்கும் வணக்கம்.

2026 நவம்பர் 3 அன்று புதிய ஆளுநரைத் தேர்ந்தெடுக்கப் போகிறீர்கள். அதே வாக்குச்சீட்டில், வேட்பாளர் பெயர்களையெல்லாம் தாண்டிப் போனால், இன்னொரு கேள்வி இருக்கும்: மாநில அரசியலமைப்பை முழுவதுமாகத் திருத்தி எழுத ஒரு பேரவையைக் கூட்டலாமா? இதை எந்தக் கட்சியும் கொண்டுவரவில்லை. 1978இல் தொடங்கி 16 ஆண்டுக்கு ஒருமுறை மக்களிடம் இதைக் கேட்டாக வேண்டும் என்று 1963 அரசியலமைப்பின் 12ஆம் பிரிவே சொல்கிறது. 1978, 1994, 2010 ஆகிய மூன்று முறையும் மக்கள் வேண்டாம் என்றார்கள். இந்த முறை போனால் அடுத்து 2042.

முதலில் எண்ணும் முறையைப் புரிந்துகொள்ளுங்கள். இந்தக் கேள்விக்கு விடையளித்தவர்களில் பெரும்பான்மை எந்தப் பக்கமோ, அதுவே முடிவு. முன்பு அப்படியில்லை. 1958இல் இதே கேள்விக்கு 'ஆம்' என்றவர்கள்தான் அதிகம், ஆனாலும் தோற்றது. அன்றைய விதிப்படி அந்தத் தேர்தலில் வாக்களித்த அனைவரிலும் பெரும்பான்மை தேவைப்பட்டது. கட்டத்தை நிரப்பாமல் விட்டவர்களின் சீட்டும் 'இல்லை' என்றே ஆயிற்று. 1960இல் வந்த திருத்தம் அந்த விதியை நீக்கியது. ஆகவே, தெரியாததை விட்டுவிட்டால் பழைய நிலையே நீடிக்கும் என்று நினைத்து யாரும் காலியாக விட வேண்டாம். காலிக் கட்டத்துக்கு இன்று எந்த எடையும் இல்லை.

பேரவை கூடினால் எதையெல்லாம் தொடலாம்? எல்லாவற்றையும் தொடலாம். அமெரிக்க அரசியலமைப்புக்கு முரணாகப் போகக் கூடாது என்பதுதான் எல்லை. உங்கள் வீட்டுக் கணக்கிலிருந்தே பார்க்கலாம். ட்ராயிலோ நோவையிலோ வீடு வாங்கியவர்களுக்கு 'அன்கேப்பிங்' என்றால் என்னவென்று தெரியும். ஒரே உரிமையாளரிடம் இருக்கும்வரை சொத்தின் வரி மதிப்பு ஆண்டுக்கு விலைவாசி உயர்வு அல்லது 5 சதவீதம், இவற்றில் குறைவான அளவுக்கு மேல் ஏறாது. வீடு கைமாறியதும் அந்த வரம்பு நீங்கி, சந்தை மதிப்பின் பாதிக்குத் தாவிவிடும். இது 1994 மார்ச்சில் மக்கள் வாக்களித்து அரசியலமைப்பிலேயே எழுதிய விதி. விற்பனை வரி 4 சதவீதத்திலிருந்து 6 ஆனதும் அன்றுதான்; கூடிய 2 சதவீதமும் முழுவதுமாகப் பள்ளி நிதிக்குப் போகிறது, பழைய 4இல் 60 சதவீதமும் அங்கேதான். வருமானம் ஏற ஏற வீதமும் ஏறும் வருமான வரியை மாநிலம் விதிக்க முடியாது என்பதும் அரசியலமைப்பில்தான் இருக்கிறது. மிச்சிகன் பல்கலைக்கழகம், மிச்சிகன் ஸ்டேட், வேய்ன் ஸ்டேட் மூன்றின் ஆட்சிக் குழுக்களையும் எட்டெட்டுப் பேராக மாநில வாக்காளர்களே தேர்ந்தெடுப்பதும் அப்படியே. சட்டமன்றம் தனியாக இவற்றில் கைவைக்க முடியாது. பேரவை இவை அனைத்தையும் ஒரே வரைவில் மாற்றி எழுதி உங்கள் முன் வைக்கலாம்.

நவம்பரில் இருப்பது ஒரு வரிக் கேள்வி. என்னைக் கேட்டால், உண்மையான தேர்தல் அதற்குப் பிறகு வருவதுதான். 'ஆம்' வென்றால், முடிவு சான்றளிக்கப்பட்ட ஆறு மாதத்துக்குள் பிரதிநிதிகளைத் தேர்ந்தெடுக்க வேண்டும். கீழவைத் தொகுதிகள் 110, மேலவைத் தொகுதிகள் 38; தொகுதிக்கு ஒருவராக 148 பேர். 2027 அக்டோபர் முதல் செவ்வாயன்று, அதாவது 5ஆம் தேதி, லான்சிங்கில் கூட வேண்டும். சட்டம் போட்டால் அதற்கு முன்பும் கூடலாம். ஒரு பிரதிநிதியின் இடம் காலியானால் அதே கட்சிக்காரரையே ஆளுநர் நியமிக்க வேண்டும் என்று விதி இருப்பதிலிருந்தே தெரியும், இது கட்சித் தேர்தல். வரைவை ஏற்கப் பிரதிநிதிகளில் சாதாரணப் பெரும்பான்மை போதும். பேரவை கலைந்து 90 நாளாவது கழிந்த பிறகு மக்கள் வாக்கெடுப்பு. நாளையும் முறையையும் பேரவையே முடிவு செய்யும்.

இதில் எங்கே பிசகும் என்பதற்கு 1961 சாட்சி. ஆளுநர் ஜான் ஸ்வைன்சன் ஜனநாயகக் கட்சி. அதற்கு முந்தைய ஆண்டுதான் மாநிலம் முழுவதும் வாக்களித்து அவரைத் தேர்ந்தெடுத்திருந்தது. ஆனால் செப்டம்பரில் தனியாக நடந்த பிரதிநிதித் தேர்தலில், மக்கள்தொகைக்குப் பொருந்தாத பழைய தொகுதிகளில், குடியரசுக் கட்சி 99 இடங்களையும் ஜனநாயகக் கட்சி 45 இடங்களையும் பிடித்தன. அந்தப் பேரவை நல்ல வேலைகளும் செய்தது: மேல்முறையீட்டு நீதிமன்றம், எந்தக் கட்சிக்கும் நால்வருக்கு மேல் இல்லாத எட்டுப் பேர் கொண்ட சிவில் உரிமைகள் ஆணையம், ஆளுநருக்கு நான்காண்டுப் பதவிக்காலம். ஆனால் மேலவைத் தொகுதிகளை வகுக்க மக்கள்தொகையோடு நிலப்பரப்பையும் சேர்த்துக் கணக்கிடும் சூத்திரத்தையும் எழுதி வைத்தது. 'ஒருவருக்கு ஒரு வாக்கு' என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1964இல் தீர்ப்பளித்ததும் அது செல்லாமல் போனது. 1963 ஏப்ரலில் வாக்களித்த 16 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களில், வரைவு வென்றது வெறும் 7,424 வாக்கு வித்தியாசத்தில்.

ஆகவே என் பரிந்துரை 'இல்லை'. தொகுதிகள் இன்று 13 பேர் கொண்ட சுயேச்சை ஆணையத்தால் வகுக்கப்படுகின்றன. அந்த அளவில் 1961 திரும்பாது. வாக்குப்பதிவு மெலிந்த ஒரு வசந்தகாலத் தேர்தல், கட்சி இயந்திரங்கள், ஆறு மாதக் கெடு, சாதாரணப் பெரும்பான்மை ஆகிய மற்றவை அப்படியே இருக்கின்றன. சீர்திருத்தத்துக்கு வேறு வழியில்லை என்றால் இந்த ஆபத்தை ஏற்கலாம். இங்கே வழி இருக்கிறது: வாக்காளர்களே கையெழுத்துத் திரட்டி, தனியொரு திருத்தத்தை வாக்குச்சீட்டில் ஏற்றலாம். 1978இல் பேரவை வேண்டாம் என்ற அதே நாளில்தான் ஹெட்லி வரி வரம்புத் திருத்தத்தை மக்கள் ஏற்றார்கள். மேற்சொன்ன தொகுதி ஆணையமே 2018இல் கையெழுத்து மனு வழியாக வந்ததுதான்.

அந்த வழியும் எளிதல்ல. கடந்த ஆளுநர் தேர்தலில் பதிவான வாக்குகளில் 10 சதவீதம், அதாவது இப்போதைக்கு 4,46,198 செல்லுபடியாகும் கையெழுத்துகள் வேண்டும். 180 நாளுக்கு முந்தைய கையெழுத்து செல்லாது. வாக்குச்சீட்டில் வரும் விளக்கம் 100 சொல்லைத் தாண்டக் கூடாது. 2022இல் கருக்கலைப்பு உரிமை மனுவில் சொற்களுக்கிடையே இடைவெளி சரியாக இல்லை என்ற காரணத்தால், கட்சிக்கு இருவராக நால்வர் இருக்கும் சரிபார்ப்புக் குழு 2–2 எனப் பிளந்து நின்றது. மாநில உச்ச நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகே அது வாக்குச்சீட்டில் ஏறியது. அச்சடிக்கும் முன் ஒவ்வொரு எழுத்தையும் பார்க்க வேண்டும் என்பதை அதிலிருந்து கற்கலாம்.

நீங்கள் 'ஆம்' என்று முடிவெடுத்தால் அதை மதிக்கிறேன். ஆனால் அத்தோடு நிற்காதீர்கள். 2027 வசந்தத்தில் உங்கள் தொகுதியில் நிற்கும் இரு கட்சி வேட்பாளர்களையும் சங்கக் கூட்டத்துக்கு அழைத்து, சர்ச்சைக்குரியவற்றைத் தனித்தனிக் கேள்விகளாக மக்கள்முன் வைக்கச் சம்மதிப்பீர்களா என்று கேளுங்கள். இல்லினாய் 1970இல் அப்படிச் செய்தது. மரண தண்டனை, 18 வயதில் வாக்குரிமை, நீதிபதி நியமனம் எல்லாம் தனித்தனியாக வாக்கெடுப்புக்குப் போனதால், முதன்மை வரைவு அவற்றோடு சேர்ந்து மூழ்கவில்லை.

கிரீன் கார்டிலும் எச்-1பியிலும் இருப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: ஓட்டுநர் உரிமத்துக்குப் போகும்போது வாக்காளர் பதிவுக் கேள்விக்குத் தவறியும் சம்மதிக்காதீர்கள். குடியுரிமை இல்லாதவர் பதிவு செய்தால் நாடு கடத்தல் வரை போகலாம். குடியுரிமை பெற்றும் பதிவு செய்யாதவர்கள், முகவரிச் சான்றோடு நகர எழுத்தர் அலுவலகத்துக்குத் தேர்தல் நாள் இரவு 8 மணிக்குள் போனாலும் பதிந்து வாக்களிக்கலாம்.

இப்படிக்கு,
மிச்சிகன் அரசியலமைப்பைத் தொடர்ந்து கவனித்துவரும் ஒரு தமிழர்