மினெட் டி சில்வாவைத் தோட்டப் பாடசாலைகளுக்குக் கொண்டுபோக உதவுங்கள்

அன்புடையீர்,

அரசியலமைப்புச் சீர்திருத்தம் பற்றி ஆராய 1927இல் இலங்கைக்கு வந்த பிரித்தானிய டொனமூர் ஆணைக்குழுவின் முன் பெண்களுக்கு வாக்குரிமை கேட்டு ஒரு மாதர் குழு சாட்சியம் சொன்னது. அதில் முன்னின்றவர் கண்டியைச் சேர்ந்த அக்னஸ் டி சில்வா. தோட்டங்களில் கூலி வேலை செய்யும் இந்தியத் தமிழ்ப் பெண்களுக்கும் இந்த உரிமை வேண்டுமா என்று டொனமூர் பிரபு கேட்டார். நிச்சயமாக வேண்டும், அவர்களும் பெண்கள்தானே என்று அக்னஸ் தயங்காமல் பதில் சொன்னார். 1931இல் சர்வசன வாக்குரிமை வந்தது. எங்கள் பூட்டிமாரில் ஒரு பகுதியினருக்கு, நிபந்தனைகளோடு, அது கிடைத்தது. 1948, 1949ஆம் ஆண்டுக் குடியுரிமை, தேர்தல் சட்டங்களால் அதுவும் பறிபோனது உங்களுக்குத் தெரிந்த கதை.

அந்த அக்னஸின் மகள்தான் மினெட் டி சில்வா. இலங்கையில் நவீன கட்டடக்கலையைத் தொடக்கி வைத்தவர்களில் முதன்மையானவர். அவரைப் பற்றித் தமிழில் ஒரு நடமாடும் கண்காட்சி தயாரித்து, கண்டி, மாத்தளை, நுவரெலியா, பதுளை மாவட்டங்களின் 30 தமிழ்ப் பாடசாலைகளுக்குக் கொண்டுபோக நாங்கள் வேலை தொடங்கியிருக்கிறோம். ஆசிரியர்கள், கட்டடக்கலை படிக்கும் பிள்ளைகள், ஒரு தச்சர், ஓய்வுபெற்ற தபால் உத்தியோகத்தர்கள் இருவர் என்று கூடிய சிறிய குழு எங்களுடையது. இதுவரை எங்கள் சொந்தப் பணத்தில் வந்தோம். இனி உங்கள் கை வேண்டும்.

தோட்டத்துப் பிள்ளைகளுக்கு எதற்கு ஒரு கட்டடக் கலைஞர் என்று சிலர் எங்களிடம் கேட்டார்கள். நியாயமான கேள்வி. கொஞ்சம் விரிவாகவே பதில் சொல்ல விரும்புகிறோம்.

மினெட் 1918 பெப்ரவரி 1ஆம் திகதி கண்டியில் பிறந்தார். தந்தை ஜோர்ஜ் இ. டி சில்வா பேர்போன சட்டத்தரணி, பின்னாளில் சுகாதார அமைச்சர். கட்டடக்கலை படிக்க அப்போது இலங்கையில் இடமே இல்லை. வீட்டாரைச் சம்மதிக்க வைத்து பம்பாய்க்குப் போனார். இந்தியாவின் முதல் பெண் கட்டடக் கலைஞர்களில் ஒருவரான பெரின் மிஸ்திரியின் குடும்ப அலுவலகத்தில் தொழில் பழகினார். பிறகு ஜே. ஜே. கலைக் கல்லூரியில் சேர்ந்தார். 1942இல் காந்தியை விடுவிக்கக் கோரிய ஊர்வலத்துக்குப் போனார். அதனால் கல்லூரியிலிருந்து வெளியேற்றப்பட்டார். அங்கிருந்து பெங்களூருக்குப் போய், நாசி ஜேர்மனியிலிருந்து தப்பி வந்து மைசூர் சமஸ்தானத்தில் கட்டடக் கலைஞராக இருந்த ஒட்டோ கோனிக்ஸ்பேர்கரிடம் வேலை செய்தார். ஜம்ஷெட்பூர் நகரத் திட்ட வேலையில் கையனுபவம் பெற்றது அவரிடம்தான். அக்கா அனில் டி சில்வாவும் எழுத்தாளர் முல்க் ராஜ் ஆனந்தும் 1946இல் ‘மார்க்’ கலைச் சஞ்சிகையைத் தொடங்கியபோது மினெட்டும் அதில் சேர்ந்து உழைத்தார்.

அடுத்தது லண்டன். 1947இல் நவீன கட்டடக் கலைஞர்களின் சர்வதேச மாநாடு இங்கிலாந்தின் பிரிட்ஜ்வோட்டரில் கூடியபோது மினெட்டும் அங்கே இருந்தார். உலகப் புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் லெ கொர்பூசியேயுடன் ஏற்பட்ட நட்பு கடைசிவரை கடிதங்களில் தொடர்ந்தது. 1948இல் பிரித்தானிய அரச கட்டடக் கலைஞர் நிறுவகத்தின் இணை உறுப்பினரானார். ஆசியப் பெண்களில் அந்தத் தகுதியைப் பெற்ற முதலாமவர் அவரே.

லண்டனிலேயே இருந்திருக்கலாம். ஆனால் 1949இல், சுதந்திரமடைந்து ஓராண்டே ஆன நாட்டுக்கு, கண்டிக்குத் திரும்பி வந்து பெற்றோரின் வீட்டிலேயே அலுவலகம் திறந்தார்.

அவருடைய முதல் கட்டடம் கண்டியில் கருணாரத்ன குடும்பத்துக்காக 1949க்கும் 1951க்கும் இடையில் கட்டிய வீடு. செங்குத்தான மலைச்சரிவுக் காணி அது. சரிவோடு இசைந்து ஒரு தளம் தாழ, ஒரு தளம் உயர, நடுவில் சில படிகள் வைத்து வீட்டை அமைத்தார். கொங்கிரீட்டும் கண்ணாடியும் தாராளமாக உண்டு. ஆனால் எங்கள் கண்காட்சியில் பிள்ளைகள் கிட்டப்போய்ப் பார்க்க வேண்டும் என்று நாங்கள் விரும்புவது அந்த வீட்டின் கதவுகளைத்தான்.

கண்டிக்குக் கிழக்கே தும்பறைப் பகுதியில் ஹேனவல என்று ஒரு கிராமம். மருள் நாரைச் சீவி, சாயம் தோய்த்து, முறுக்கித் தறியில் நெய்யும் பாய்களுக்குப் பேர்போன ஊர். மானும் யானையும் பாம்பும் கோடுகளாக மாறி அந்தப் பாயில் வரும். நெய்கிறவர்களைச் சாதிப் படியில் கீழே வைத்திருந்த காலம் அது. பாயைச் சுவரில் மாட்டுவார்கள், தரையில் விரிப்பார்கள். நெய்தவரை வீட்டு வாசலுக்குள் விடமாட்டார்கள். மினெட் அந்த நெசவைக் கதவுப் பலகைக்குள் சட்டமிட்டுப் பொருத்தினார். வீட்டின் ஓர் உறுப்பாகவே அது ஆகிவிட்டது. உள்ளூர்க் குயவர் சுட்ட ஓடுகள், அரக்கு வேலைக்காரர் கடைந்து நிறமேற்றிய கைபிடிக் கம்பங்கள், வரவேற்பறைச் சுவரில் ஓவியர் ஜோர்ஜ் கீட்டின் பெரிய சுவரோவியம் என்று எல்லாவற்றுக்கும் அவர் கட்டடங்களில் இடமிருந்தது. கைவினைஞரைத் திட்டம் வரையும்போதே சேர்த்துக்கொள்வது அவர் முறை. கட்டி முடித்த பிறகு ஒப்பனைக்காகக் கூப்பிடும் வழக்கம் அவரிடம் இல்லை.

இந்தப் போக்குக்கு அவர் 1950இலேயே நவீன வட்டாரக் கட்டடக்கலை என்று பெயர் வைத்தார். மேற்குலகக் கோட்பாட்டாளர்கள் இதே கருத்தை 1980களில்தான் பேசத் தொடங்கினார்கள். இலங்கையின் நவீன கட்டடக்கலை என்றால் எல்லோரும் முதலில் சொல்லும் பெயர் ஜெப்ரி பாவா. அவருடைய மேதைமையில் எங்களுக்கு எள்ளளவும் ஐயமில்லை. ஆனால் பாவா கட்டடக் கலைஞராகத் தகுதி பெற்றது 1957இல். அதற்குள் மினெட் கண்டியிலும் கொழும்பிலும் பல வீடுகளைக் கட்டி முடித்துவிட்டார். கொழும்பு அல்பிரட் ஹவுஸ் கார்டன்ஸில் தூண்களின் மேல் உயர்த்தி, கீழே தோட்டம் தடையின்றி ஓடிவரும்படி கட்டிய பீரிஸ் வீடு 1956இல் நிறைவேறியது. காலவரிசையைச் சரியாகச் சொல்லிக் கொடுப்பது ஆசிரியர்களாகிய எங்கள் கடமை என்று நினைக்கிறோம்.

இனி வட்டபுலுவ. எங்களை இந்த வேலைக்குள் இழுத்தது அதுதான்.

கண்டி நகரத்தின் ஓரத்திலுள்ள வட்டபுலுவவில், 1950களின் பிற்பகுதியில், அரசாங்க ஊழியர்களுக்கு ஒரு வீட்டுத் திட்டம் அமைக்கும் பொறுப்பு மினெட்டிடம் வந்தது. குடிவரப் போகிறவர்கள் வெவ்வேறு இனம், வெவ்வேறு மதம், வெவ்வேறு சம்பளம். ஒரே வரைபடத்தை எத்தனை தரமும் அச்சடித்து வரிசை வரிசையாகக் கட்டிவிட்டுப் போயிருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். அவர் ஒரு கேள்வித்தாள் தயாரித்தார். உங்கள் குடும்பத்தில் எத்தனை பேர், எப்படிச் சமைப்பீர்கள், எங்கே சாப்பிடுவீர்கள், எப்படி வாழ்கிறீர்கள் என்று குடிவரப் போகிறவர்களிடமே கேட்டார். அவர்களோடு உட்கார்ந்து பேசினார். அந்தப் பதில்களிலிருந்து சில வீட்டு மாதிரிகளை உருவாக்கினார்.

ஒரு தோட்டத்துப் பிள்ளைக்கு இதைச் சொல்லிப் பாருங்கள். அது பிறந்து வளர்வது பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பராவில். முன்னால் ஓர் இஸ்தோப்பு, பக்கத்துச் சுவருக்கு அப்பால் அடுத்த குடும்பம், பீலியடியில் தண்ணீர். தாத்தா காலத்து லயம், அதாவது தோட்டத்து வரிசை வீடு. அதை வரைந்தவர் யாரென்று யாருக்கும் தெரியாது. உள்ளே இருக்கப் போகிறவர்களிடம் அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்பது மட்டும் பார்த்தாலே தெரியும். இப்போது மலையகத்தில் தனிக் காணியில் தனி வீடுகள் கட்டப்படுகின்றன. நூற்றைம்பது ஆண்டு தாமதமானாலும் பெரிய மாற்றம், வரவேற்கிறோம். ஆனால் அந்த வீட்டில் அடுப்பு எங்கே இருக்க வேண்டும், கொழுந்து பறித்து மழையில் நனைந்து வருகிற அம்மா உடை மாற்ற இடம் எது, சாமிப்படம் எந்தப் பக்கம், படிக்கிற பிள்ளைக்கு வெளிச்சம் எந்த ஜன்னலிலிருந்து என்று கேட்கத் தெரிந்த தலைமுறை எங்களுக்கு வேண்டும். கேட்பது உரிமை என்று தெரிந்த தலைமுறை. அதை இதே மலைநாட்டில் அறுபது, எழுபது ஆண்டுக்கு முன்பே ஒரு பெண் செய்து காட்டியிருக்கிறார் என்பதை அவர்கள் கண்ணால் பார்க்க வேண்டும்.

மினெட்டின் பிற்கால வாழ்வைச் சுருக்கமாகவே சொல்கிறோம். தாய் இறந்த பிறகு நெடுங்காலம் பயணங்களில் கழித்தார். 1975 முதல் 1979 வரை ஹொங்கொங் பல்கலைக்கழகத்தில் ஆசியக் கட்டடக்கலை வரலாறு கற்பித்தார். திரும்பி வந்து, 1980களின் தொடக்கத்தில், கண்டி வாவிக்கரையில் கலைச் சங்கத்துக்கான மண்டபத்தைக் கட்டினார். இன்றும் மாலையில் அங்கே கண்டி நடனம் பார்க்க வெளிநாட்டார் குவிகிறார்கள். பெர என்னும் அந்த மத்தளத்தின் முழக்கம் தலதா மாளிகைச் சந்திவரை கேட்கும். படிப்படியாக இறங்கும் அந்த ஓட்டுக்கூரையை வரைந்தவர் யார் என்று வாசலில் நின்று கேட்டுப் பார்த்தோம். எங்களுக்குப் பதில் சொன்னவர்கள் மிகக் குறைவு.

பெண் என்பதால் ஒப்பந்தகாரர்களும் அதிகாரிகளும் தன்னை ஏற்கத் தயங்கியதை அவரே எழுதியிருக்கிறார். 1996இல் இலங்கைக் கட்டடக் கலைஞர் நிறுவகம் தங்கப் பதக்கம் வழங்கியது. 1998 நவம்பரில், கையில் காசில்லாத நிலையில், கண்டி ஆஸ்பத்திரியில் காலமானார். வயது 80. அவர் கட்டிய வீடுகளில் பல இடிக்கப்பட்டுவிட்டன அல்லது அடையாளம் தெரியாமல் மாற்றப்பட்டுவிட்டன. அவருடைய சொந்த வீடும் பாழடைந்தது. அதைத் திருத்திக் கட்டலாமா என்று எங்களுக்குள் பேசினோம். எங்கள் சக்திக்கு அது மேலானது, செய்யக்கூடியவர்கள் செய்யட்டும். எங்களால் முடிந்தது பிள்ளைகளிடம் போவது.

கண்காட்சியில் இருக்கப் போகிறவை இவை. 20 பதாகைகள், எல்லாம் தமிழில், நல்ல பெரிய எழுத்தில். மூன்று மர மாதிரிகள்: கருணாரத்ன வீடு, பீரிஸ் வீடு, வட்டபுலுவ மலைச்சரிவு. முதல் மாதிரியின் மலையை எங்கள் தச்சர் ஏற்கெனவே முடித்துவிட்டார். மெல்லிய பலகையை உயரக்கோட்டுக்கு ஏற்ப வெட்டி ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டியிருக்கிறார். கூரையைக் கழற்றி உள்ளே தளங்கள் ஏறி இறங்குவதைப் பிள்ளைகள் விரலால் தொட்டுப் பார்க்கலாம். தும்பறைப் பாயில் ஒரு துண்டும் தொட்டுப் பார்க்க இருக்கும்.

இவற்றோடு இரண்டு பெரிய துணி விரிப்புகள். ஒன்றில் லயக் காம்பரா உண்மை அளவில் வரையப்பட்டிருக்கும். மற்றதில் கட்டங்கள் மட்டும். கட்டில், அடுப்பு, அலுமாரி, மேசை எல்லாம் அட்டையில் அதே அளவில் வெட்டித் தருவோம். பிள்ளைகள் குழுக்களாக நின்று, தங்கள் வீட்டாரைக் கேட்டு எழுதிவந்த பதில்களை வைத்து, ஒரு வீட்டைத் தாங்களே அடுக்க வேண்டும். கேள்வித்தாளை முதல் வாரமே பாடசாலைக்கு அனுப்பிவிடுவோம். கண்காட்சி முடிந்து போகும்போது ஒவ்வொரு பாடசாலை நூலகத்திலும் வகுப்பறையிலும் எங்கள் சிறுநூலின் 50 பிரதிகள் தங்கும்.

கணக்கை ஒளிவு மறைவில்லாமல் வைக்கிறோம். பதாகை ஒன்றுக்கு 12,000 ரூபாய் வீதம் 2,40,000. மர மாதிரிகளுக்குப் பலகையும் கூலியும் 3,60,000. சிறுநூல் 1,500 பிரதிகள், ஒன்று 220 ரூபாய் வீதம், 3,30,000. வேன் கூலி ஒரு பாடசாலைக்கு 14,000 வீதம் 4,20,000. தோட்டப் பாதைகள் எப்படி என்று தெரிந்தவர்கள் இந்தத் தொகையைக் கூடுதல் என்று சொல்லமாட்டார்கள். படங்களின் உரிமைக்கும் புதிதாகப் படம் எடுக்கவும் 1,50,000. விரிப்பும் அட்டைப் பொருட்களும் 60,000. எதிர்பாராத செலவு 40,000. ஆக மொத்தம் 16,00,000 ரூபாய். குழுவினர் போட்டதும் நண்பர்கள் தந்ததும் சேர்த்து 3,85,000 கையில் இருக்கிறது. சேர வேண்டியது 12,15,000. எங்களில் யாருக்கும் இதிலிருந்து சம்பளமோ படியோ கிடையாது. தச்சருக்குக் கூலி உண்டு. வேண்டாம் என்றுதான் அவர் சொன்னார். கைவேலைக்காரருக்கு உரியதைக் கொடுக்காமல் மினெட்டைப் பற்றிக் கண்காட்சி வைக்க எங்களுக்கு மனம் வரவில்லை.

ஒரு பாடசாலையின் செலவு முழுவதையும் ஏற்பவர்கள் ஏற்கலாம். நீங்கள் படித்த பாடசாலையாகவே அது இருக்கட்டும். வேனும் சிறுநூலும் சேர்த்து 25,000 ரூபாய் ஆகும். ஒரு பதாகையை ஏற்கலாம். ஐந்து சிறுநூலுக்கு 1,100 ரூபாய் தந்தாலும் அது எங்களுக்குப் பெரிது. வங்கிக் கணக்கு விபரத்தைப் பொருளாளர் தருவார். கொடுக்கும் ஒவ்வொரு ரூபாய்க்கும் பற்றுச்சீட்டு உண்டு. மூன்று மாதத்துக்கு ஒருமுறை வரவு செலவை எல்லா நன்கொடையாளர்களுக்கும் அனுப்புவோம். பணம் மிஞ்சினால் 30க்கு மேல் எத்தனை பாடசாலைக்குப் போக முடியுமோ போவோம். குறைந்தால் பதாகைகளைக் குறைப்போம், பாடசாலைகளைக் குறைக்கமாட்டோம்.

பணம் தர முடியாதவர்களிடமும் ஒரு வேண்டுகோள். வட்டபுலுவவில் தொடக்ககாலத்தில் குடியேறிய குடும்பங்களில் தமிழ் பேசுகிறவர்கள் யாராவது இதைப் படிக்க நேர்ந்தால் எங்களோடு பேசுங்கள். உங்கள் அப்பாவோ அம்மாவோ அந்தக் கேள்வித்தாளை நிரப்பிய நினைவு வீட்டில் யாருக்காவது இருக்கிறதா, அன்றைய படம் ஒன்றாவது பெட்டியில் கிடக்கிறதா என்று பாருங்கள். பிரதி எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தருவோம். நாங்கள் வட்டபுலுவப் பதாகைகளை இன்னும் அச்சுக்குக் கொடுக்கவில்லை.

நன்றியுடன்,
கண்காட்சிக் குழுவினர்,
கண்டி