பதினைந்து வருடத்தைக் கண்டுபிடித்துக் கொடுத்தவர்களுக்கு

தொடரை வாசித்தவர்கள், வாசித்துத் திட்டியவர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

ஐந்து உலகத்தில் காலம் ஐந்து வேகத்தில் ஓடுகிற என் கதை 112 அத்தியாயத்தோடு முடிந்துவிட்டது. நன்றி சொல்லும் முன் ஒரு உண்மையைச் சொல்லிவிடுகிறேன். 87-ஆம் அத்தியாயத்தில் தாயைவிட மகனுக்கு நான்கு வயது கூட இருந்ததே, அது என் கற்பனை வளம் இல்லை. தப்பு. பச்சைத் தப்பு.

அவளுக்கு 22 வயது. இரண்டு வயதுப் பிள்ளையை நடுவுலகில் விட்டுவிட்டு மேலுலகம் போகிறாள். அங்கே ஒரு நாள் என்றால் இங்கே ஒரு வருடம். இது நான் உண்டாக்கிய கணக்கில்லை. உத்தராயணம் தேவர்களுக்குப் பகல், தட்சிணாயனம் இரவு என்று காலகாலமாகச் சொல்லிவருவதுதான். அவள் தங்கியது ஒன்பது நாள் என்று 41-இல் நானேதான் எழுதினேன். அப்படியானால் திரும்பி வரும்போது பையனுக்குப் பதினொன்று. நானோ 26 வயதும் முறுக்கு மீசையுமாக அவனை வாசலில் நிறுத்திவிட்டேன்.

"காலச்சுழியை என்னமாய்க் காட்டியிருக்கிறீர்கள்!" என்று பாராட்டு வந்தது. வாயைத் திறக்காமல் வாங்கிக்கொண்டேன். ஐந்து உலகம், ஒவ்வொன்றிலும் ஒரு வேகம், நடுவே சுழி, தேக்கம், எதிரோட்டம் என்று எழுதுகிறவனுக்கு இப்படி ஒரு வசதி உண்டு. எது பிழை, எது வித்தை என்று லேசில் யாருக்கும் பிடிபடாது.

ஒரு தங்கைக்குப் பிடிபட்டது. கூட்டுறவுச் சங்கம் ஒன்றில் கணக்கெழுதுகிறவர். முதல் அத்தியாயத்திலிருந்து நாற்பது பக்க நோட்டு ஒன்றில் உலகத்துக்கு ஒரு பத்தியாகக் கோடு போட்டு, யார் எங்கே எத்தனை நாள் இருந்தார்கள் என்று பற்று வரவு எழுதி வந்திருக்கிறார். அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பினார். கீழே சிவப்பு மையில் ஒரு வரி: "அண்ணே, பதினஞ்சு வருசம் இடிக்குது. எந்த உலகத்துல பற்று எழுதட்டும்?"

அன்று இரவு தூக்கம் இல்லை. 87-ஐத் திருத்திவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். மீசையை எடுத்துவிட்டால் முடிந்தது வேலை. ஆனால் அந்த மீசைக்காரன்மேல் வாசகர்களுக்கு ஆசை விழுந்துவிட்டது, எனக்கும்தான்.

காப்பாற்றியவர் எங்கள் ஊர்க் கண்மாயில் மடை பார்க்கும் தாத்தா. கதை கிதை எதுவும் படிக்கிறவர் இல்லை. எங்கள் கண்மாயில் பழைய குமிழித் தூம்பு ஒன்று இருக்கிறது. தண்ணீருக்குள் இரண்டு கல்தூண், நடுவே துளை போட்ட கல், அதை அடைக்க ஒரு குமிழிக் கல். முங்கிப்போய் அதைத் தூக்கிவிட்டால் நீரோடித் துளை வழியாகத் தண்ணீரும், அதற்குக் கீழே உள்ள சேறோடித் துளை வழியாக வண்டலும் வெளியேறும். என் கதையில் உலகங்களுக்கு நடுவே காலத்தைத் திறந்து மூடுகிற தூம்பு வருகிறதே, அது அப்படியே இந்தக் கல்தான். சேறோடியில் பழைய நினைவுகள் கலங்கி வருவதும் இவர் காட்டிக்கொடுத்ததுதான்.

கரையில் உட்கார்ந்து, பதினைந்து வருடம் எங்கோ தொலைந்துவிட்டது என்று அவரிடம் புலம்பினேன். ஏதோ தண்ணீர் விவகாரம் என்று நினைத்துக்கொண்டார் போல. "தண்ணி எங்கிட்டும் போயிராதுப்பா. ஒருத்தன் வயல்ல கூட நின்னா இன்னொருத்தன் வயல் காஞ்சு கிடக்கும். கரையோட நடந்து பாரு" என்றார்.

வீட்டுக்கு வந்து முதல் அத்தியாயத்திலிருந்து நடந்தேன். 52-இல் கிடைத்தது. அடியுலகத்து ஊர் ஒன்றில் பிள்ளைகள் வளராமலே நிற்கிறார்கள் என்று சும்மா அழகுக்கு ஒரு வரி போட்டு வைத்திருந்தேன். காய்ந்த வயல் அதுதான். அவர்களுக்குப் போகவேண்டிய பதினைந்து வருடத்தை யாரோ மடை மாற்றி இவன் பக்கம் திருப்பியிருக்கிறார்கள். தன் மீசை திருட்டுத் தண்ணீரில் முளைத்தது என்று அவனுக்குத் தெரியவருகிற கட்டம், அதற்குப் பிறகான இருபத்துச் சொச்சம் அத்தியாயம், எல்லாம் அந்த வரியிலிருந்து வந்தவை.

பௌதிகம் சொல்லிக்கொடுத்த வாத்தியாருக்கும் கடன்பட்டிருக்கிறேன். 1971 அக்டோபரில் ஹாஃபெல், கீட்டிங் என்ற இருவர் அணுக் கடிகாரங்களைப் பயணி விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றியதை அவர்தான் சொன்னார். கிழக்கே போனவை தரையில் இருந்த கடிகாரத்தைவிட 59 நானோநொடி பின்தங்கின; மேற்கே போனவை 273 நானோநொடி முந்தின. நானோநொடி என்பது ஒரு நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு. ஜிபிஎஸ் செயற்கைக்கோளின் கடிகாரம் ஒரு நாளில் 38 மைக்ரோநொடி முந்துவதையும் விளக்கினார். இதையெல்லாம் கதையில் திணிக்கவில்லை. வாத்தியார் மன்னிக்க வேண்டும். ஆனால் இரண்டு கடிகாரம் நிஜமாகவே பிணங்கும் என்று தெரிந்தபிறகுதான் எனக்கு எழுதத் துணிச்சல் வந்தது.

ரேவதி கதையைச் சொன்ன பெரியம்மாவுக்கும் நன்றி. மகளுக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மாவிடம் போனார் ககுத்மி ராஜா. அங்கே பாட்டு நடந்துகொண்டிருந்தது; முடியட்டும் என்று காத்திருந்தார். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகம் ஓடிவிட்டது. நோட்டுத் தங்கை இதையும் விடவில்லை: ஒரு சதுர்யுகம் 43,20,000 வருடம், ஆக 11 கோடியே 66 லட்சத்து 40 ஆயிரம். "பெரியம்மா கணக்கு சுத்தம், உங்க கணக்குதான் இடிக்குது" என்று பதில் வந்தது.

பிழை திருத்திய தமிழய்யாவோடு ஒரு மாதம் மல்லுக்கட்டினேன். எதிரோட்ட உலகத்தில் "நேற்று வருவான்" என்று எழுதினால் "வந்தான்" என்று திருத்துவார்; நான் மறுபடி மாற்றுவேன். ஒருநாள் சாப்பிடக் கூப்பிட்டார்கள். உட்கார்ந்த இடத்திலிருந்தே "இதோ வந்துட்டேன்" என்றார். சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பிரதியை எடுத்து எல்லா "வருவான்" பக்கத்திலும் பென்சிலால் "காலவழுவமைதி" என்று எழுதிக்கொடுத்தார். காலம் மாறிச் சொன்னாலும் இலக்கணம் ஏற்றுக்கொள்ளும் என்று அர்த்தம்.

நோட்டு இப்போது என்னிடம் இருக்கிறது. தங்கை கூரியரில் அனுப்பிவைத்தார். கடைசிப் பக்கத்தில் ஐந்து உலகத்தையும் கூட்டிக் கழித்து, நேர் செய்து, இரட்டைக் கோடு போட்டிருக்கிறார். அதற்கும் கீழே பென்சிலில்: "மூன்று நாள், அனாமத்து." எங்கே விட்டேன் என்று எனக்கே தெரியவில்லை. யார் கண்ணிலாவது பட்டால் எனக்குச் சொல்லுங்கள். அவரிடம் நான் சொல்லிக்கொள்கிறேன்.

அன்புடன்,
தொடர் எழுதியவன்