ஸ்கேன் ஆன ரீலைத் தூக்கிப் போடாதே

அன்புள்ள மகளுக்கு,

கடிதம் கிடைத்தது. ஸ்கேன் செய்து கணினியில் ஏற்றி முடித்த பிலிம் ரீல்களுக்குக் குளிர் அறையில் எதற்கு இடம் என்று உன் அலுவலகத்தில் கேட்கிறார்களாமே. அப்பா காப்பகத்தில் இருந்த காலம் முழுக்க இந்தக் கேள்வி வந்துகொண்டேதான் இருந்தது. யார் கேட்டாலும் மூல பிலிமை விட்டுக்கொடுக்காதே அம்மா.

குளிரும் குறைந்த ஈரப்பதமும் கிடைத்தால் பிலிம் நூறு வருடம் தாண்டியும் இருக்கும். 1890களில் எடுத்த சுருள்களை இன்றும் வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்க முடிகிறது. கணினிக் கோப்புக்கு அந்த ஆயுள் ஏது? ஹார்ட் டிஸ்க் சில வருடங்களில் போய்விடும். கணினிக் கோப்புகளைச் சேமிக்கும் எல்டிஓ காந்த டேப் நன்றாகவே இருந்தாலும் அதைப் படிக்கும் கருவி வழக்கொழிந்துவிடும். ஓயாமல் புது டேப்புக்கு மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். அதற்குப் பணம் ஒதுக்காமல் விட்டால் கோப்பும் போச்சு. 2கே தெளிவில் ஸ்கேன் எடுத்ததை அதைவிடக் கூடுதல் தெளிவான 4கே-யில் மறுபடி எடுக்க முடிந்ததும் மூலம் கையில் இருந்ததால்தான்.

பிலிமுக்கும் ஆபத்து உண்டு, மறுக்கவில்லை. 1978 டிசம்பரில் அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தில் நைட்ரேட் என்ற பழைய வகை பிலிம் வைத்திருந்த கிடங்கு எரிந்து, ஒரு கோடி அடிக்கும் மேலான செய்திப்படச் சுருள் அழிந்தது. நைட்ரேட் எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனையும் தானே தந்துகொள்ளும். தண்ணீருக்குள் அமுக்கினாலும் அணையாது. அந்த டப்பாக்கள் பக்கம் போகும்போது நீ ஜாக்கிரதையாக இருக்க வேண்டும், அது எனக்கு எல்லாவற்றையும்விட முக்கியம். அதற்குப் பின் வந்த அசிடேட் பிலிமுக்கு வேறு நோய். திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் சிதைவு தொடங்கிவிட்டது என்று அர்த்தம். அந்த ஆவி பக்கத்து ரீலையும் கெடுக்கும் என்பதால் உடனே பிரித்து வை. பிலிம் எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்று அளந்து பார்க்காமல் புரொஜெக்டரில் மாட்டாதே.

அப்புறம், பிலிமின் ஓரம். பெரும்பாலான ஸ்கேன்களில், பிலிமை நகர்த்தும் பற்கள் மாட்டுகிற துளைக்கு வெளியே இருப்பதை வெட்டிவிடுகிறார்கள். எனக்கு இது தாங்காது. கோடக் அங்கே வட்டம், சதுரம், முக்கோணம் என்று குறிகள் அச்சிட்டிருக்கும், பிலிம் தயாரான வருடத்துக்கு அதுதான் சாட்சி. அதே குறிகள் 20 வருடத்துக்கு ஒருமுறை திரும்ப வரும். ஆகவே 1927-ஆ 1947-ஆ என்ற குழப்பத்தைப் படத்தில் தெரியும் வண்டி, உடை, கடைப் பலகையை வைத்துத்தான் தீர்க்க வேண்டும். நெகட்டிவிலிருந்து எடுத்த பிரதியான பிரிண்ட் என்றால் இன்னும் கவனி: கறுப்பாகத் தெரியும் குறி பிரிண்டுக்கு உரியது, வெளுப்பாகத் தெரிவது நெகட்டிவிலிருந்து வந்தது. படம் எப்போது எடுத்தது என்று தேட வெளுப்பைப் பார்.

யாரோ கூட்டமாக நடந்து போகிறார்கள், எந்த ஊர் என்றே தெரியவில்லை என்று ஒரு ரீலைப் பற்றி எழுதியிருந்தாயே. இந்த ரீலைத் தவிர வேறெங்கும் அந்த மனிதர்களின் முகம் இல்லாமல் இருக்கலாம். அதன் ஓரத்தை இரண்டு பக்கமும் படம் எடுத்து அனுப்பு, டப்பா மேல் ஒட்டிய சீட்டையும் சேர்த்து. நாம் இருவருமாகப் பார்ப்போம்.

அன்புடன்,
அப்பா