பல் விழும் கனவும் அம்மாவின் கண்ணும்

அன்புள்ள கோபால்,

இங்கு எல்லோரும் நலம். இத்தனை மாதங்கள் எழுதாததற்கு நீ தாராளமாகத் திட்டலாம். திட்டி முடித்துவிட்டு மேலே படி.

சபாபதி சொல்லித்தான் விஷயம் தெரிந்தது. பற்கள் எல்லாம் உதிர்ந்து உள்ளங்கையில் விழுவதாகக் கனவு கண்டாயாம். கனவுப் பலன் புத்தகத்தைப் புரட்டினால் ‘வீட்டில் மூத்தவருக்கு ஆகாது’ என்று போட்டிருந்ததாம். உடனே அம்மாவின் கண்புரை அறுவைச் சிகிச்சையைத் தள்ளிவைத்துவிட்டாயாம். கல்லூரி விடுதியில் கைரேகை பார்க்க வந்தவனை வாதாடியே விரட்டிய ஆள் நீ! வாத்தியார் காதில் மட்டும் இது விழுந்திருந்தால்...

சபாபதி சிரித்துக்கொண்டே சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உன் பல்லைப் பிடித்துக்கொண்டு கனவு நூல்களுக்குள் இறங்கிவிட்டேன். இனி நீ தப்ப முடியாது.

உன் பல் மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக விழுந்துகொண்டிருக்கிறது, அப்பா. எகிப்தில் அரசர்களின் கல்லறைகளைக் கட்டிய தொழிலாளர்களின் ஊர் தெய்ர் எல்-மதீனா. அங்கே ஓர் எழுத்தர் வைத்திருந்த பப்பைரஸ் சுருள் இப்போது பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஓரத்தில் மேலிருந்து கீழாக ‘ஒருவன் கனவில் தன்னைக் கண்டால்’ என்று எழுதி, அதன் பக்கத்தில் வரிவரியாகக் கனவும் பலனும் கொடுத்திருக்கிறார்கள். ‘தீது’ என்ற சொல் மட்டும் சிவப்பு மையில். பெரிய பூனையைக் கண்டால் நன்று, விளைச்சல் பெருகும். ஆழமான கிணற்றை எட்டிப் பார்த்தால் தீது, சிறை. கண்ணாடியில் முகம் பார்த்தால் தீது, இன்னொரு மனைவி வருவாள் (கண்ணாடியை விட்டு நகராத உனக்கு இது எச்சரிக்கை). பல் விழுந்தாலும் தீதுதான்: அவனை அண்டியிருப்பவர்களில் ஒருவர் சாவார். உன் புத்தகம் சொல்வதும் ஏறக்குறைய இதைத்தானே? இவ்வளவு காலமாக எல்லோரும் ஒன்றையே சொன்னால் உண்மையாகத்தான் இருக்கும் என்று நீ கிளம்புவதற்குள் ஆர்த்தெமிதோரஸைப் பார்த்துவிடு.

இரண்டாம் நூற்றாண்டுக் கிரேக்கர் இவர். கனவுகளைப் பற்றி ஐந்து பாகங்கள் எழுதினார். கடைசி இரண்டும் மகனுக்காக. வெளியே காட்டாதே என்ற எச்சரிக்கையோடு. தொழில் ரகசியம்! எனக்கு இவரைப் பிடித்துப்போனதற்குக் காரணம் இருக்கிறது. படித்தவர்கள் முகம் சுளித்த சந்தைவெளிக் குறிசொல்லிகளோடு ஆண்டுக்கணக்கில் பழகி, யார் என்ன கனவு கண்டார்கள், பிறகு என்ன நடந்தது என்று கேட்டுச் சேர்த்திருக்கிறார். பலன் சொல்வதற்கு முன் கனவு கண்டவரின் தொழில், வசதி, வயது, உடல்நிலை எல்லாம் தெரிந்தாக வேண்டும் என்பது அவர் கண்டிப்பு. பல்லுக்கு வருவோம். வாய் ஒரு வீடு, பற்கள் அதில் குடியிருப்பவர்கள் என்கிறார். வலப்பக்கம் ஆண்கள், இடப்பக்கம் பெண்கள். இதுவரை உன் கட்சிதான். அடுத்து என்ன சொல்கிறார் தெரியுமா? பல் விழும் கனவை அடிமை கண்டால் விடுதலை. கடன்பட்டவன் கண்டால் கடன் அடையும். கோபால், உன் வீட்டுக் கடன் இன்னும் பாக்கி இருக்கிறதல்லவா? வங்கிக்காரர்களிடம் இந்த நல்ல செய்தியைச் சொல்லிவிடு.

யூதர்களின் பழைய சமயச் சட்ட நூலான தல்மூதில் பார் ஹெத்யா என்றொரு கனவுப் பலன்காரர் வருகிறார். அபாயே, ராவா என்ற இரண்டு அறிஞர்கள் ஒரே கனவைக் கண்டு அவரிடம் போவார்கள். காசு கொடுத்த அபாயேவுக்கு நல்ல பலன். கொடுக்காத ராவாவுக்குக் கெட்ட பலன். பல் உதிர்ந்த கனவுக்கு ராவாவிடம், ‘உன் மகன்களும் மகள்களும் சாவார்கள்’ என்றுவிட்டார். பிறகொரு நாள் அவர் கைநழுவவிட்ட புத்தகத்தை ராவா எடுத்துப் பார்த்தால், ‘கனவுகள் எல்லாம் வாயைப் பின்தொடர்கின்றன’ என்று எழுதியிருக்கிறது! அதாவது, பலன் சொல்பவர் வாயில் வருவதே பலிக்கும். நீ அந்தப் புத்தகத்துக்கு எவ்வளவு கொடுத்தாய்? கொஞ்சம் கூடக் கொடுத்திருக்கலாம்.

பிராய்டையும் விடவில்லை. அவருடைய கனவு நூல் 1899 இறுதியில் வெளிவந்தது. அட்டையில் 1900 என்று போட்டிருந்தார்கள். அச்சடித்த 600 பிரதிகள் விற்றுத்தீர எட்டு ஆண்டுகள் ஆயின. பல் விழுவதற்கு அவர் சொல்லும் விளக்கத்தை இங்கே எழுத மாட்டேன். கண் தெளிந்ததும் அம்மா இந்தக் கடிதத்தைப் படிப்பார்.

இதற்குச் சபாபதி, ‘கண்ணகி கண்ட கனவு பலித்ததே’ என்பான். அவனுக்கு எப்போதும் சிலம்புதான் கடைசி ஆயுதம். பலித்தது, சரி. காப்பியம் எழுதியவருக்கு முடிவு முன்பே தெரியும். ஆனால் அந்தக் காதையை நன்றாகப் படிக்கச் சொல். கனவைக் கேட்ட தேவந்தி, சோமகுண்டம் சூரியகுண்டத்தில் மூழ்கிக் காமவேள் கோட்டத்தில் தொழுதால் கணவனோடு இன்புறலாம் என்று வழி சொல்கிறாள். ‘பீடு அன்று’ (அது பெருமையல்ல) என்று இரண்டே சொல்லில் முடித்துவிடுகிறாள் கண்ணகி.

இத்தனையிலும் என்னைத் தூங்கவிடாமல் செய்தது ஷார்லட் பெராட்டின் புத்தகம்தான். 1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபோது பெர்லினில் இருந்தவர். தெரிந்தவர்களிடமெல்லாம் கனவுகளைக் கேட்டுக் குறித்துவைத்தார். கிட்டத்தட்ட முந்நூறு பேரின் கனவுகள். குறிப்புகளைப் புத்தக அட்டைகளின் கட்டுமானத்துக்குள் ஒளித்தார். ஹிட்லருக்கு ‘ஹான்ஸ் மாமா’, கட்சிக்குக் ‘குடும்பம்’, கைதாவதற்கு ‘ஃப்ளூ காய்ச்சல்’ என்று பெயர் மாற்றி, வெளிநாட்டு நண்பர்களுக்குக் கடிதமாக அனுப்பினார். நூலாக வந்தது 1966இல். ஒரு மருத்துவரின் கனவு: மாலை வேலை முடிந்து சோபாவில் படுத்துப் புத்தகம் படிக்கிறார். திடீரென்று அறையின் சுவர்கள் மறைகின்றன. சுற்றிப் பார்க்கிறார், கண்ணுக்கெட்டிய வரை எந்த வீட்டுக்கும் சுவர் இல்லை. சுவர்களை ஒழிக்கும் ஆணை ஒன்று ஒலிபெருக்கியில் முழங்குகிறது. ஓர் ஆலை முதலாளியின் கனவில் ஹிட்லரின் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் வருகிறார். தன் தொழிலாளர்கள் முன்னால் நாஜி வணக்கத்துக்காகக் கையை உயர்த்த முதலாளிக்கு அரை மணி நேரம் ஆகிறது. உயர்த்தியதும் கோயபல்ஸ் சொல்கிறார்: ‘உங்கள் வணக்கம் எனக்கு வேண்டாம்.’

பெராட் ஒருவருக்கும் பலன் சொல்லவில்லை. பகலில் எதற்கு நடுங்கினார்களோ அதையே இரவில் பார்த்தார்கள்.

விளையாட்டை நிறுத்திக்கொள்கிறேன். உன் அப்பாவை அறுவைச் சிகிச்சைக்கு உள்ளே அழைத்துப்போன இரவு நான் உன் பக்கத்தில்தான் இருந்தேன். அதன்பிறகு மருத்துவமனை என்றாலே உன் முகம் மாறுவதையும் பார்த்திருக்கிறேன். இப்போது அம்மாவின் முறை வந்ததும் பல் விழுகிறது. இதற்குப் புத்தகம் எதற்கு? ஆர்த்தெமிதோரஸே இப்படிப்பட்டவற்றைத் தனியே ஒதுக்கிவைக்கிறார்: பசித்தவன் உண்பதாகக் காண்பான், அஞ்சுபவன் அஞ்சியதையே காண்பான், இவை வருவதைச் சொல்லும் கனவுகள் அல்ல. பழைய ஆயுர்வேத மருத்துவரான சரகரும் கனவுகளை ஏழு வகையாகப் பிரித்து, கண்டது, கேட்டது, பட்டது, விரும்பியது, கற்பனை செய்தது ஆகிய ஐந்துக்கும் பலன் கிடையாது என்கிறார். கனவை நம்பிய இந்த இரண்டு பேருமே உன் கனவைக் கையில் வாங்கியிருக்க மாட்டார்கள்.

உனக்குப் பயமாக இருக்கிறது என்று அம்மாவிடமே சொல். கனவைச் சொல்லாதே, பயத்தைச் சொல். என்னைவிட நன்றாகத் திட்டுவார்.

நாள் குறித்ததும் தகவல் கொடு, இரண்டு நாள் முன்னதாகவே வந்துவிடுகிறேன். பெராட் புத்தகத்தின் ஆங்கில மொழிபெயர்ப்பைத் தனியாக அனுப்புகிறேன். சபாபதி கண்ணில் படாமல் வைத்துக்கொள். என்னிடம் வாங்கிப்போன அகராதியே இன்னும் வீடு திரும்பவில்லை.

அன்புடன்,
ராமநாதன்