ஏழு நாளில் ஒரு பதில் சொல்லுங்கள்

படப்பிடிப்பு அனுமதி வழங்கும் அதிகாரிகளுக்கு,

வணக்கம். காலிங்கராயன் வாய்க்கால் ஆவணப்படத்துக்காக நான் கொடுத்த விண்ணப்பம் எத்தனை நாள் மேசை மேசையாகச் சுற்றியது என்பது உங்களுக்கே தெரியும். அனுமதிக் கடிதம் போன வாரம் கைக்கு வந்தது. அதற்குள் தண்ணீர் திறந்து பதினொரு நாள் ஆகிவிட்டது.

நான் காத்திருந்தது ஒரே ஒரு காட்சிக்காக. காய்ந்து கிடக்கும் வாய்க்காலில் முதல் தண்ணீர் வரும்போது, அதற்கு முன்னால் சருகும் நுரையும் உருண்டு வரும். வெடித்த மண் தண்ணீரைக் குடித்துக் குமிழி விடும். எறும்புகள் அவசரமாகக் கரையேறும். 13ஆம் நூற்றாண்டில் வெட்டி, பவானியிலிருந்து நொய்யல் வரை சுமார் 90 கிலோமீட்டர் ஓடும் ஒரு வாய்க்கால் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று காட்ட அந்த அரை நிமிடம் போதும். எங்கே நின்றால் வெயில் பக்கவாட்டில் விழும், எந்த லென்ஸ் போட வேண்டும் என்று மூன்று நாள் காலையில் கரையில் நடந்து பார்த்து வைத்திருந்தேன். கடிதம் இல்லாமல் கேமராவை இறக்கக் கூடாது என்று முன்பே திருப்பி அனுப்பியிருந்ததால், தண்ணீர் வந்த அன்று வீட்டில் உட்கார்ந்திருந்தேன். மஞ்சள் பயிரிட்டிருக்கும் விவசாயி ஒருவர் போனில் கூப்பிட்டார்: "தண்ணி எங்க வயலத் தாண்டிருச்சுங்க தம்பி, இன்னும் நீங்க வரலீங்ளா?" என்ன பதில் சொல்வது?

பதினாறு வருஷமாகச் சினிமா, ஆவணப்படம் இரண்டும் செய்கிறேன். சினிமா சம்பளத்தில்தான் ஆவணப்படத்துக்கு லென்ஸ் வாடகை கட்டுகிறேன். சினிமாவில் வெளிச்சம் குறைந்தால் லைட் போடலாம், சரியாக வராவிட்டால் ஒன் மோர் கேட்கலாம். வாய்க்கால் தண்ணீரிடம் கேட்க முடியாது. சினிமாவுக்காகக் கோபிச்செட்டிபாளையத்துக்கும் பொள்ளாச்சிக்கும் பெரிய யூனிட்டோடு போனபோது, அனுமதிக்காக ஒரு நாள்கூட எங்கள் வேலை நின்றதில்லை. அதே ஆள் இரண்டு உதவியாளர்களோடு வந்தால் மட்டும் எதற்கு, யாருக்கு என்று ஆயிரம் கேள்வி. ஆவணப்படத்துக்கு ஏழு நாளில் பதில் சொல்லுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

1905இல் சாமிக்கண்ணு வின்சென்ட் புரொஜெக்டரோடு ஊர் ஊராகப் படம் காட்டப் புறப்பட்டார். அவருடைய கோவையில் பிறகு சென்ட்ரல் ஸ்டுடியோவும் பட்சிராஜா ஸ்டுடியோவும் இருந்தன. இன்றைக்குச் சினிமா கேமரா கற்க நம் பையன்கள் சென்னைக்குத்தான் பஸ் ஏறுகிறார்கள். நானும் அப்படிப் போனவன்தான். திரும்பி வந்து சொந்த ஊரைப் படமெடுக்க இத்தனை அலைச்சல் என்றால் மனசு விட்டுப்போகிறது.

சரி, அதெல்லாம் உங்கள் கையில் இல்லை. அனுமதி உங்கள் கையில் இருக்கிறது. தர முடியாது என்றால் அதையாவது ஏழு நாளில் எழுத்தில் சொல்லிவிடுங்கள், நான் வேறு வழி பார்த்துக்கொள்வேன். அடுத்த தண்ணீர் திறப்புக்கான விண்ணப்பத்தை இத்துடன் இணைத்திருக்கிறேன். மதகு திறப்பதற்கு முன் பதில் கிடைக்கும்படி செய்யுமாறு பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
பவானியிலிருந்து ஓர் ஒளிப்பதிவாளர்